அத்தியாயம் 7: காயம் ஆறும்வரை விபத்தை விடாதீர்கள்

லாரி ஓட்டுநர்களின் தொடர் சிகிச்சையைக் குறியிடும் முறை

விபத்து நடந்த நாளைக் குறியிடுவது ஓரளவு எளிது. ஆம்புலன்ஸ் சீட்டு, எக்ஸ்ரே, அறுவை சிகிச்சைக் குறிப்பு என எல்லாமே அன்று எழுதப்படுகின்றன. மூன்றாவது வாரம் தையல் பிரிக்க வரும்போதும், நான்காவது மாதம் எலும்பு கூடவில்லை என்று தெரியும்போதும், ஒரு வருடம் கழித்து ராடை எடுக்க வரும்போதும்தான் கோடர் தடுமாறுகிறார். ஓ.பி. சீட்டில் 'வலது கால் வலி' என்று மட்டும் இருக்கும். கோடரும் கால் வலிக்கான குறியீட்டைப் போட்டுவிட்டுப் போய்விடுவார். அந்த ஒரு வரியால் விபத்துக்கும் நோயாளிக்கும் இருந்த தொடர்பு அறுந்துபோகிறது.

கால் வலி யாருக்கும் வரும். விபத்தில் முறிந்த காலுக்கு நடக்கும் சிகிச்சை என்பது வேறு. விடுப்பு, காப்பீடு, இழப்பீடு, மறுபடி ஸ்டீயரிங் பிடிக்கலாமா என்ற முடிவு ஆகிய நான்கும் அதை ஒட்டியே போகின்றன. ஒவ்வொரு தொடர் வருகையிலும் காயத்தையும் அது எப்படி ஏற்பட்டது என்பதையும் சேர்த்தே பதிவு செய்யப் பழக்குவதுதான் இந்த அத்தியாயத்தின் நோக்கம்.

அமெரிக்க மருத்துவமனைகளுக்காகச் சென்னையில் வேலை பார்க்கும் மெடிக்கல் கோடர்கள், ஸ்ரீபெரும்புதூர், காஞ்சிபுரம், செங்கல்பட்டு பகுதி மருத்துவமனைகளின் மருத்துவப் பதிவேட்டுப் பிரிவிலும் காப்பீட்டு மேசையிலும் இருப்பவர்கள் ஆகிய இரு தரப்பினருக்காகவும் இது எழுதப்பட்டிருக்கிறது. குறியீடுகளில் வரும் ரோமன் எழுத்துகளை இந்நூல் முழுவதும் உச்சரிப்புப்படி தமிழிலேயே தருகிறோம்.

1. இந்தச் சாலைகளை ஏன் எடுத்துக்காட்டாக வைக்கிறோம்

ஸ்ரீபெரும்புதூர், சுங்குவார்சத்திரம் வழியே பெங்களூரு நோக்கிப் போகும் தேசிய நெடுஞ்சாலை 48, சிங்கப்பெருமாள்கோவிலிலிருந்து ஒரகடம் வழியாக ஸ்ரீபெரும்புதூர் வரும் சாலை, வண்டலூரிலிருந்து ஒரகடத்தைக் கடந்து வாலாஜாபாத் போகும் சாலை. இந்த மூன்றையும் நம்பித்தான் இப்பகுதியின் சிப்காட் வளாகங்கள் இயங்குகின்றன. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-இல் கார் உற்பத்தியைத் தொடங்கியது. ஒரகடத்தில் ரெனோ–நிசான் ஆலை 2010-இலும், பாரத்பென்ஸ் லாரிகளைத் தயாரிக்கும் டைம்லர் ஆலை 2012-இலும் தொடங்கப்பட்டன. இரும்புச் சுருள் ஏற்றிய டிரெய்லர், கார்களைச் சுமந்து துறைமுகம் போகும் நீண்ட வண்டி, கன்டெய்னர் லாரி, ஷிப்ட் ஆட்களை ஏற்றிய கம்பெனி பஸ், ஷேர் ஆட்டோ, இருசக்கர வண்டி எல்லாம் ஒரே சாலையில், ஒரே நேரத்தில் ஓடுகின்றன.

கோடருக்கு இதில் இரண்டு சிக்கல்கள். மோதிய வண்டிகளின் வகைகள் ஏராளம் என்பது ஒன்று. ஓட்டுநர் உள்ளூர்க்காரராக இருக்க மாட்டார் என்பது இன்னொன்று. அவர் நாமக்கல்லிலிருந்தோ சங்ககிரியிலிருந்தோ, வட மாநிலத்திலிருந்தோ வந்திருப்பார். முதல் அறுவை சிகிச்சை இங்கே நடக்கும்; தையல் பிரிப்பது சொந்த ஊரில்; பிசியோ வேறோர் இடத்தில். அவரை முன்பின் பார்த்திராத மருத்துவர் கையில் முதலில் கிடைப்பது ஒரு டிஸ்சார்ஜ் சம்மரியும் சில குறியீடுகளும்தான். அவை தெளிவாக இல்லையென்றால் அடுத்த மருத்துவமனை எல்லாவற்றையும் முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும்.

2. எந்தப் பதிப்பு என்று முதலில் உறுதி செய்யுங்கள்

ஐ.சி.டி.-10 என்ற பெயரில் இரண்டு நூல்கள் புழக்கத்தில் இருக்கின்றன. ஒன்று உலக சுகாதார நிறுவனத்தின் மூலப் பதிப்பு. 1990-இல் உலக சுகாதார மன்றம் அதை ஏற்றுக்கொண்டது. இந்திய மருத்துவமனைகளும் காப்பீட்டு நிறுவனங்களும் பெரும்பாலும் பயன்படுத்துவது இதைத்தான். மற்றொன்று அமெரிக்கா தனக்காக விரிவாக்கிக்கொண்ட ஐ.சி.டி.-10-சி.எம். அது 2015 அக்டோபர் 1 முதல் அங்கே கட்டாயம். ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 1 அன்று அதில் திருத்தங்கள் வரும்.

தொடர் சிகிச்சையில் இந்த இரண்டும் பிரிந்து போகின்றன. அமெரிக்கப் பதிப்பில் காயக் குறியீட்டுக்கு ஏழாம் எழுத்து உண்டு. அது முதல் சிகிச்சையா, தொடர் வருகையா, பின்விளைவா என்பதை அந்த எழுத்தே சொல்லிவிடும். உலக சுகாதார நிறுவனப் பதிப்பில் ஏழாம் எழுத்து கிடையாது. அங்கே தொடர் பராமரிப்பைச் சொல்ல 'இசட்' குறியீடுகள் இருக்கின்றன. ஒரு பதிப்பின் பழக்கத்தை மற்றதில் கொண்டுவருவதுதான் புதியவர்கள் அதிகம் செய்யும் பிழை. குறியீடு எழுதத் தொடங்குமுன் எந்தப் பதிப்பு என்பதைத் தாளின் மேலேயே குறித்துவைத்துக்கொள்ளுங்கள்.

3. விபத்தைக் கேட்டறிய ஐந்து கேள்விகள்

நம் ஊர்க் கேஸ் ஷீட்டுகளில் பெரும்பாலும் 'ஆர்.டி.ஏ.' என்ற மூன்றெழுத்துதான் இருக்கும். சாலை விபத்து என்பதற்கு மேல் அது எதையும் சொல்வதில்லை. அதை மட்டும் வைத்துக் குறியிட்டால் வி89.2-இல், அதாவது 'விவரமற்ற மோட்டார் வாகன விபத்து' என்ற குறியீட்டில், வந்து நிற்பீர்கள். லாரி ஓட்டுநர் என்ற உண்மையே அங்கே காணாமல் போகும். கீழே உள்ள ஐந்து கேள்விகளுக்கும் பதிலைப் பதிவேட்டிலிருந்து தேடுங்கள். ஓ.பி. சீட்டில் இல்லாவிட்டால் விபத்துப் பதிவேட்டின் நகலில், அதாவது ஏ.ஆர். காப்பியில், இருக்கும்.

ஒன்று: காயப்பட்டவர் எந்த வண்டியில் இருந்தார்? கனரக சரக்கு வண்டி என்றால் வி60 முதல் வி69 வரை. மூலப் பதிப்பின் விளக்கப்படி, பொதுவாக 3,500 கிலோவுக்கு மேல் எடையும் தனி ஓட்டுநர் உரிமமும் தேவைப்படும் சரக்கு வண்டியே கனரக வண்டி. டாடா ஏஸ் போன்ற சிறிய சரக்கு வண்டி இதில் சேராது; அது பிக்-அப், வேன் வகை, வி50 முதல் வி59 வரை. சரக்கு ஆட்டோ மூன்று சக்கர வண்டி, வி30 முதல் வி39 வரை.

இரண்டு: எதனோடு மோதியது? மூன்றாம் இலக்கம் இதைச் சொல்லும். வி60 பாதசாரி அல்லது விலங்கு, வி61 சைக்கிள், வி62 இரு அல்லது மூன்று சக்கர மோட்டார் வண்டி, வி63 கார், பிக்-அப் அல்லது வேன், வி64 மற்றொரு கனரக வண்டி அல்லது பஸ், வி65 ரயில், வி67 நிலையான பொருள். சாலை நடுவிலுள்ள தடுப்புச் சுவரில் மோதினால் வி67. எதிலும் மோதாமல் வண்டி கவிழ்ந்தால் வி68.

மூன்று: அவர் வண்டியில் யார்? புள்ளிக்குப் பின் வரும் எண் இதைச் சொல்லும். பொதுச் சாலை விபத்தில் ஓட்டுநருக்கு 5, உடன் வந்தவருக்கு 6, வண்டியின் வெளிப்புறத்தில் இருந்தவருக்கு 7. கிளீனரும் குறியீட்டில் 'உடன் வந்தவர்'தான். ஏறும்போதோ இறங்கும்போதோ காயப்பட்டால் 4.

நான்கு: பொதுச் சாலையா, வளாகத்துக்குள்ளா? தொழிற்சாலையின் கேட்டுக்குள், சரக்கு இறக்கும் இடத்தில் நடந்தால் அது 'போக்குவரத்து அல்லாத' விபத்து. ஓட்டுநருக்கு 5-க்குப் பதில் 0 வரும். சிப்காட்டுக்குள் உள்ள பொதுச் சாலையில் நடந்தால் அது போக்குவரத்து விபத்துதான். 'சிப்காட்டில் விபத்து' என்ற குறிப்பை மட்டும் வைத்து முடிவெடுக்காதீர்கள்.

ஐந்து: அந்த நொடியில் அவர் வண்டியில்தான் இருந்தாரா? சாலையோரம் டயர் மாற்றிக்கொண்டிருந்தவர் மீதோ, இறங்கி இன்ஜினைப் பார்த்துக்கொண்டிருந்தவர் மீதோ வேறு வண்டி மோதினால், ஐ.சி.டி. அவரைப் பாதசாரியாகத்தான் கணக்கிடும். மோதியது கனரக வண்டி என்றால் வி04. தொழிலால் அவர் லாரி டிரைவர், குறியீட்டில் பாதசாரி. இரவில் நெடுஞ்சாலை ஓரம் வண்டிகள் வரிசையாக நிற்கும் இந்தப் பகுதியில் இந்தக் கேள்வியை ஒருபோதும் தவிர்க்கக் கூடாது.

இந்தக் குறியீடுகளில் எதுவும் தவறு யாருடையது என்று சொல்வதில்லை. அது காவல்துறையும் தீர்ப்பாயமும் முடிவு செய்ய வேண்டியது. 'அதிவேகம்', 'தூங்கிவிட்டார்' போன்ற உறவினர் பேச்சைக் குறியீட்டின் பக்கத்தில் எழுதிவைக்காதீர்கள். மருத்துவர் பதிவு செய்யாத மது நெடியும் அப்படித்தான். நீங்கள் எழுதும் ஒரு சொல் அவருடைய கிளெய்மையே நிறுத்திவிடக்கூடும்.

4. ஏழாம் எழுத்து: தொடர் சிகிச்சையின் சாவி

இந்தப் பகுதி அமெரிக்கப் பதிப்புக்கானது. பெரும்பாலான காயங்களுக்கு மூன்று எழுத்துகள் போதும். காயத்துக்கான முனைப்பான சிகிச்சை நடக்கும்வரை 'ஏ'. அது முடிந்து ஆறும் காலத்தில் வரும் வருகைகளுக்கு 'டி'. காயம் ஆறிய பிறகு மிஞ்சும் விளைவுக்கு 'எஸ்'.

'ஏ' என்றால் முதல் வருகை, 'டி' என்றால் இரண்டாவது வருகை என்று பலர் மனப்பாடம் செய்திருக்கிறார்கள். அது தவறு. எண்ண வேண்டியது வருகையை அல்ல, சிகிச்சையின் கட்டத்தை. அவசரப் பிரிவில் மாவுக்கட்டு போட்டு அனுப்பி, ஐந்தாம் நாள் வேறு மருத்துவர் அறுவை சிகிச்சை செய்தால், அந்த அறுவை சிகிச்சைக்கும் 'ஏ'தான். புதிய மருத்துவரை முதன்முறையாகப் பார்த்தாலும், ஆறும் நிலையில் உள்ள காயத்தைக் காட்டத்தான் வந்தார் என்றால் 'டி'.

எலும்பு முறிவுக்குக் கூடுதல் எழுத்துகள் உண்டு. தொடை எலும்புக்கும் முழங்காலுக்குக் கீழுள்ள எலும்புக்கும் இவற்றை நினைவில் வையுங்கள்:

- முனைப்பான சிகிச்சை: மூடிய முறிவு 'ஏ', திறந்த முறிவில் முதல், இரண்டாம் வகை 'பி', மூன்றாம் வகை 'சி'.
- சரியாகக் கூடிவருகிறது: மூடிய முறிவு 'டி', திறந்த முதல், இரண்டாம் வகை 'இ', மூன்றாம் வகை 'எஃப்'.
- தாமதமாகக் கூடுகிறது: முறையே 'ஜி', 'எச்', 'ஜே'.
- கூடவில்லை: முறையே 'கே', 'எம்', 'என்'.
- கோணலாகக் கூடியது: முறையே 'பி' (மேலே திறந்த முறிவுக்கு வந்த 'பி' அல்ல; 'க்யூ'வுக்கு முந்தைய ரோமன் எழுத்து), 'க்யூ', 'ஆர்'.
- பின்விளைவு: எல்லாவற்றுக்கும் 'எஸ்'.

திறந்த முறிவா மூடிய முறிவா என்று மருத்துவர் எழுதவில்லை என்றால் மூடிய முறிவு என்றே கொள்ள வேண்டும் என்பது விதி. முதல் நாள் சேற்றோடு வெளியே தெரிந்த எலும்பு, ஆறாவது வாரச் சீட்டில் வெறும் 'முறிவு' என்று எழுதப்பட்டு, குறியீட்டில் மூடிய முறிவாக மாறிவிடுவது இப்படித்தான். அறுவை சிகிச்சைக் குறிப்பில் உள்ள கஸ்டிலோ வகையை (மேலே சொன்ன முதல், இரண்டாம், மூன்றாம் வகை) பார்த்து, ஐயம் இருந்தால் மருத்துவரிடம் எழுத்தில் கேளுங்கள்.

இதோடு நான்கு விதிகளையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வெளிக்காரணக் குறியீடான 'வி' ஒருபோதும் முதல் குறியீடாக வராது. காயத்துக்குப் பின்னால்தான் வரும். காயத்துக்குச் சிகிச்சை நடக்கும்வரை அதைத் தொடர்ந்து எழுத வேண்டும். அதற்கும் ஏழாம் எழுத்து உண்டு. இடத்தைச் சொல்லும் ஒய்92, வேலை நேரமா என்பதைச் சொல்லும் ஒய்99 ஆகியவற்றை முதல் சிகிச்சையின்போது ஒரே முறை எழுதினால் போதும். ஆகவே தொடர் வருகைகளில் விபத்தை நினைவூட்ட மிஞ்சுவது 'வி' குறியீடு மட்டும்தான். அதையும் விட்டுவிட்டால் எதுவும் இருக்காது. கடைசியாக, காயத்தின் தொடர் பராமரிப்புக்கு இப்பதிப்பில் 'இசட்' குறியீட்டைப் போடக் கூடாது. கட்டு மாற்றினாலும், பிசியோவுக்கு வந்தாலும், முறிவுக்காக வைத்த ராடை எடுத்தாலும் அதே முறிவுக் குறியீடு, பொருத்தமான ஏழாம் எழுத்தோடு.

ராடில் சீழ் பிடித்தால் நிலைமை மாறும். அது கருவியால் வந்த சிக்கல். அதற்குத் தனிக் குறியீடு. அந்தச் சிக்கலுக்கு இப்போதுதான் முனைப்பான சிகிச்சை நடக்கிறது என்பதால், விபத்து நடந்து ஆறு மாதம் ஆகியிருந்தாலும் அந்தக் குறியீட்டுக்கு 'ஏ'. எலும்பு கூடாமல் போனதோ கோணலாகக் கூடியதோ இந்தக் கணக்கில் வராது. மறு அறுவை சிகிச்சையே செய்தாலும் அவற்றுக்கு மேலே சொன்ன எழுத்துகள்தான்.

5. ஒரு நோயாளியின் இரண்டு வருடங்கள்

பயிற்சிக்காக ஒரு கற்பனை நோயாளியை எடுத்துக்கொள்வோம். வயது 38. ஒரகடத்திலிருந்து கன்டெய்னர் ஏற்றிக்கொண்டு சென்னைத் துறைமுகம் போகும் டிரெய்லர் ஓட்டுநர். நெடுஞ்சாலையில் முன்னால் சென்ற லாரி திடீரென வேகம் குறைய, பின்னால் மோதுகிறார். கேபினின் முன்பக்கம் நசுங்கி வலது முழங்காலுக்குக் கீழ் எலும்பு பல துண்டுகளாக முறிந்து விலகியிருக்கிறது. இரண்டாம் வகைத் திறந்த முறிவு. வலப்பக்க விலா எலும்புகள் சில முறிந்திருக்கின்றன. அமெரிக்கப் பதிப்பின்படி குறியிடுவோம்.

அனுமதியும் ராடு வைத்த அறுவை சிகிச்சையும்: எஸ்82.251பி, எஸ்22.41எக்ஸ்ஏ, வி64.5எக்ஸ்எக்ஸ்ஏ. கூடவே இடக் குறியீடும், சம்பளத்துக்கான வேலை என்பதைச் சொல்லும் ஒய்99.0-உம். வெறும் வி64.5-க்குப் பின் ஏழாம் இடம் வரை போக, நடுவில் 'எக்ஸ்' இட்டு நிரப்ப வேண்டும். இல்லையென்றால் குறியீடு செல்லாது.

மூன்றாம் வாரம், தையல் பிரித்தல்: எஸ்82.251இ, எஸ்22.41எக்ஸ்டி, வி64.5எக்ஸ்எக்ஸ்டி. தையல் பிரிப்பதற்கென்று 'இசட்' குறியீட்டை இங்கே சேர்க்கக் கூடாது.

நான்காம் மாதம், எக்ஸ்ரேயில் எலும்பு மெதுவாகத்தான் கூடுகிறது என்று மருத்துவர் எழுதுகிறார்: எஸ்82.251எச், வி64.5எக்ஸ்எக்ஸ்டி. விலா எலும்பு ஆறி, அதைப் பற்றிய பேச்சே இல்லை என்றால் அந்தக் குறியீடு இங்கே வேண்டாம்.

ஒன்பதாம் மாதம், கூடவில்லை என்று தீர்மானித்து எலும்பு ஒட்டு வைக்கிறார்கள்: எஸ்82.251எம், வி64.5எக்ஸ்எக்ஸ்டி.

இரண்டாம் ஆண்டின் இறுதி, எலும்பு கூடிவிட்டது. ஆனால் வலது கணுக்கால் விறைத்து, பிரேக் மிதிக்க முடியவில்லை: முதலில் இப்போதுள்ள பிரச்சினை, எம்25.671. அடுத்து அதன் மூலக் காயம், எஸ்82.251எஸ். பிறகு வி64.5எக்ஸ்எக்ஸ்எஸ். இந்த வரிசை மாறக் கூடாது. அதே காயத்துக்கு இன்னும் சிகிச்சை நடந்துகொண்டிருக்கும்போது பின்விளைவுக் குறியீட்டைப் போடவும் கூடாது.

ஐந்து வருகைகளிலும் வி64.5 கூடவே வருகிறது. இரண்டு ஆண்டு கழித்து இந்தக் கோப்பைத் திறக்கும் எவரும், விறைத்த கணுக்காலிலிருந்து அந்த நெடுஞ்சாலை மோதல்வரை தடையில்லாமல் பின்னோக்கிப் போக முடியும்.

பில்லிங் பார்ப்பவர்களுக்கு ஒரு குறிப்பு. அமெரிக்க மெடிகேர் விதியில் பெரிய அறுவை சிகிச்சைக்குப் பின் 90 நாள் வரை வழக்கமான தொடர் வருகை அந்தக் கட்டணத்திலேயே அடக்கம். அதற்கு 99024 என்ற கட்டணமில்லா எண்ணைப் பதிவு செய்வார்கள். கிளெய்ம் படிவத்தின் பத்தாம் கட்டம் வேலை தொடர்பானதா, வாகன விபத்தா என்று கேட்கும். பதினான்காம் கட்டத்தில் விபத்து நாளைத் தருவார்கள். 'வி' குறியீடு ஒன்று சொல்லி, பத்தாம் கட்டம் வேறொன்று சொன்னால் கிளெய்ம் திரும்பி வரும்.

6. அதே நோயாளி, நம் ஊர்ப் பதிப்பில்

உலக சுகாதார நிறுவனப் பதிப்பில் அனுமதியின்போது எஸ்82.2, எஸ்22.4, வி64.5 என எழுதுவோம். திறந்த முறிவு என்பதை விருப்ப ஐந்தாம் இலக்கமான 1 சொல்லும். வேலை நேரத்தில் நடந்தது என்பதற்கு வெளிக்காரணத்தோடு செயல்பாட்டு இலக்கம் 2 சேர்க்கலாம்.

தொடர் வருகைகளில் வேலை மாறுகிறது. கட்டு, தையல் பராமரிப்புக்கு இசட்48.0. பிசியோவுக்கு இசட்50.1. ராடையோ பிளேட்டையோ எடுக்க வந்தால் இசட்47.0. அமெரிக்கப் பதிப்பில் தவிர்க்கச் சொன்ன அதே குடும்பம் இங்கே முறையானது. வாகன விபத்தின் பின்விளைவுக்கு ஒய்85.0.

இங்கே ஏழாம் எழுத்து இல்லாததால் ஓர் அபாயம் உண்டு. இசட்50.1 என்று மட்டும் எழுதினால், எந்தக் காயத்துக்குப் பிசியோ என்று யாருக்கும் தெரியாது. ஆகவே குறியீட்டோடு ஒரு வரியைக் கட்டாயமாக்குங்கள்: விபத்து நடந்த தேதி, ஏ.ஆர். எண், காயத்தின் பெயர், பக்கம், முதல் அறுவை சிகிச்சை நடந்த தேதி. ஓ.பி. சீட்டின் மேற்பகுதியில் இந்த வரிக்கென ஒரு ரப்பர் முத்திரை செய்துவைப்பது எந்த மென்பொருளையும்விட வேகமாகப் பலன் தரும்.

7. எந்தத் தாள் எதற்கு, எவ்வளவு காலத்துக்கு

தமிழ்நாட்டில் 2021 டிசம்பர் 18 அன்று மேல்மருவத்தூரில் தொடங்கப்பட்ட 'இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48' திட்டம், மாநில எல்லைக்குள் விபத்தில் காயப்பட்டவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையைக் கட்டணமின்றித் தருகிறது. தொடங்கியபோது உச்சவரம்பு ஒரு லட்சம் ரூபாய். பிற மாநில ஓட்டுநருக்கும் இது பொருந்தும் என்பதால் இந்தத் தடத்தில் இதன் பயன் பெரிது. 2025 மே 5 அன்று மத்திய அரசு அறிவித்த கட்டணமில்லாச் சிகிச்சைத் திட்டம், விபத்து நாளிலிருந்து ஏழு நாள் வரை ஒன்றரை லட்சம் ரூபாய்க்குள் உதவுகிறது. இரண்டுமே உயிர் காக்கும் நேரத்துக்கானவை. மேலே கண்ட ஓட்டுநரின் சிகிச்சையோ இரண்டு ஆண்டுகள். மிச்ச நாட்களின் செலவு எங்கிருந்து வருகிறது என்பதை வைத்துத்தான் தொடர் சிகிச்சைத் தாள்களின் மதிப்பு தெரியும்.

இ.எஸ்.ஐ. உறுப்பினராக இருந்தால், வேலையால் ஏற்பட்ட காயத்துக்கு, தற்காலிக இயலாமை நீடிக்கும் காலம் முழுவதும் சராசரி தினக் கூலியில் 90 விழுக்காடு கிடைக்கும். முதல் சான்று, இடைச் சான்றுகள், இறுதிச் சான்று என்று மருத்துவர் தொடர்ச்சியாகத் தர வேண்டும். இடையில் ஒரு சான்றில் நோயின் பெயர் மாறினால் தொடர்ச்சியே கேள்விக்குள்ளாகும்.

மருத்துவக் காப்பீடு இருந்தால், மருத்துவமனை நிரப்பும் 'பி' பகுதிப் படிவத்தில் ஐ.சி.டி.-10 குறியீட்டுக்கும், காயத்தின் காரணத்துக்கும், காவல்துறைப் புகார் விவரத்துக்கும் தனித்தனிக் கட்டங்கள் உண்டு. ஆரோக்ய சஞ்சீவனி பாலிசியில் டிஸ்சார்ஜுக்குப் பின் 60 நாள் வரையான செலவைக் கோரலாம். எந்தக் காரணத்துக்காகச் சேர்க்கப்பட்டாரோ அதே காரணத்துக்கான செலவாக அது இருக்க வேண்டும். 'கால் வலி' என்று எழுதிய சீட்டோடு போகும் மருந்து பில் இங்கேதான் சிக்கிக்கொள்கிறது.

மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலும் இந்தத் தாள்கள் பேசும். காலின் ஊனம் எத்தனை விழுக்காடு என்பதும் சம்பாதிக்கும் திறன் எத்தனை விழுக்காடு குறைந்தது என்பதும் வேறுவேறு என்று உச்ச நீதிமன்றம் 2010-இல் தெளிவாக்கியது. அதற்கு முன் 2008-இல், முழங்கால்வரை வலது காலை இழந்த ஒரு டேங்கர் லாரி ஓட்டுநரின் வழக்கில், அவரால் இனி ஓட்டுநராகவே இருக்க முடியாது என்பதால் சம்பாதிக்கும் திறன் முழுவதும் போனதாகவே அது ஏற்றுக்கொண்டது. பெடல் மிதிக்க முடியாத கணுக்கால் எழுத்தருக்கு ஒன்று, லாரி ஓட்டுநருக்கு வேறொன்று. அதை வாதாட வழக்கறிஞர் இருக்கிறார். அந்த விறைப்பு எந்த விபத்திலிருந்து வந்தது என்பதைக் காட்டும் சங்கிலியை அவருக்குத் தர வேண்டியவர் நீங்கள்.

8. மருத்துவரிடம் எப்படிக் கேட்பது

கோடர் ஊகித்து எழுதக் கூடாது. விடையைத் திணிக்கும் கேள்வியையும் கேட்கக் கூடாது. 'இது நான்-யூனியன்தானே டாக்டர்?' என்பது தவறான கேள்வி. 'இன்றைய எக்ஸ்ரேயின்படி முறிவு ஆறும் நிலை என்ன? சரியாகக் கூடுகிறது, தாமதமாகிறது, கூடவில்லை, கோணலாகக் கூடியது, வேறு' என்று எல்லா வாய்ப்புகளையும் கொடுத்துக் கேட்பதே முறை. ஓட்டுநர் மறுபடி வண்டி எடுக்கப் பயப்படுகிறார், தூக்கமில்லை என்று சீட்டில் இருந்தால், நீங்களாக மனநோய்க் குறியீடு எதையும் சேர்க்காதீர்கள். மருத்துவர் கவனத்துக்கு அதைக் கொண்டுபோங்கள். அவர் கண்டறிந்து எழுதினால் குறியிடுங்கள். அந்தப் பயத்துக்கும் சிகிச்சை உண்டு. யாராவது எழுதிவைத்தால்தான் அது தொடங்கும்.

9. ஒவ்வொரு தொடர் வருகையிலும் சரிபார்க்க

- எந்தப் பதிப்பு என்று குறித்தாயிற்றா?
- இன்று வந்த காரணம் வலி என்று எழுதப்பட்டிருந்தால், அந்த வலிக்குக் காரணமான காயம் எது என்று முந்தைய தாளைப் பார்த்தாயிற்றா?
- வலம், இடம் முதல் நாளோடு ஒத்துப்போகிறதா?
- திறந்த முறிவு தொடர் வருகையில் மூடிய முறிவாகிவிட்டதா?
- ஏழாம் எழுத்து, வருகையின் எண்ணிக்கையை அல்லாமல் சிகிச்சையின் கட்டத்தைச் சொல்கிறதா?
- வெளிக்காரணக் குறியீடு இன்றும் இருக்கிறதா? அதன் எழுத்தும் காயத்தின் கட்டமும் முரண்படாமல் இருக்கின்றனவா?
- விபத்துத் தேதியும் ஏ.ஆர். எண்ணும் சீட்டில் உள்ளனவா?

10. பயிற்சி

அமெரிக்கப் பதிப்பின்படி வெளிக்காரணக் குறியீட்டை மட்டும் எழுதுங்கள். ஐந்தாவதற்குக் காயக் குறியீடு.

அ. ஒரகடம் சந்திப்பில் லாரியும் காரும் மோதின. லாரியின் கிளீனர் தோள்பட்டை விலகலுக்காக ஆறும் கட்டத்தில் வருகிறார்.
ஆ. சுங்குவார்சத்திரம் அருகே சாலையோரம் டயர் மாற்றிய ஓட்டுநர் மீது லாரி மோதியது. மாவுக்கட்டு பிரிக்க வருகிறார்.
இ. டாடா ஏஸ் ஓட்டுநர் லாரியோடு மோதினார். அவசரப் பிரிவில் முதல் சிகிச்சை.
ஈ. தொழிற்சாலை வளாகத்துக்குள் இரண்டு டிரெய்லர்கள் மோதின. அதில் ஒன்றின் ஓட்டுநர், முதல் சிகிச்சை.
உ. எஸ்82.251-இல் அடங்கும் மூடிய முறிவு நன்றாகக் கூடிவிட்டது. ஒரு வருடம் கழித்து ராடை எடுக்க வருகிறார்.

விடைகள்: அ. வி63.6எக்ஸ்எக்ஸ்டி. ஆ. வி04.10எக்ஸ்டி. இ. வி54.5எக்ஸ்எக்ஸ்ஏ. ஈ. வி64.0எக்ஸ்எக்ஸ்ஏ. உ. எஸ்82.251டி, இசட்47.2 அல்ல.

'ஆ'வில் வி64 என்று எழுதியிருந்தால் மூன்றாம் பகுதியின் ஐந்தாவது கேள்வியை மறுபடி படியுங்கள். 'உ'வில் இசட் எழுதியிருந்தால் நான்காம் பகுதியின் நான்கு விதிகளுக்குத் திரும்புங்கள். ஐந்தும் சரியென்றால், உங்கள் மருத்துவமனையிலோ நிறுவனத்திலோ தொடர் சிகிச்சையில் இருக்கும் விபத்துக் கோப்பு ஒன்றை எடுத்து, முதல் சீட்டிலிருந்து கடைசிச் சீட்டுவரை ஒன்பதாம் பகுதியின் பட்டியலை வைத்துச் சரிபாருங்கள். சங்கிலி எங்கே அறுந்திருக்கிறதோ அங்கேயே, உரிய திருத்த நடைமுறைப்படி, இன்றைக்கே சேர்த்துவிடுங்கள்.